பூட்டுப் போட்ட பாடம்

திருடிவிடுவது என்று முடிவு செய்த பிறகுதான் அரியர் மன்னனுக்கு நிம்மதியாகத் தூக்கம் வந்தது. பெயர் உபயம்: வகுப்புத் தோழர்கள்.

அவனைச் சொல்லியும் குற்றமில்லை. தெர்மோடைனமிக்ஸ் பாடத்தில் இரண்டு முறை கோட்டை விட்டாயிற்று. இந்த முறையும் போனால் படிப்பை மூட்டை கட்டிவிட்டு அப்பாவின் கடையில் பஞ்சர் ஒட்ட வேண்டியதுதான்.

பேராசிரியரின் பாடக் குறிப்புகள் இணையத்தில்தான் இருந்தன. போன வருடம் அதில் டவுன்லோடு பட்டன் இருந்தது. ஒரே அமுக்கில் போனில் இறக்கி வைத்தவன், அப்புறம் திறந்தே பார்க்கவில்லை. போனும் பஸ்ஸில் தொலைந்தது.

இந்த வருடம் பட்டனைக் காணோம். நூலகக் கம்ப்யூட்டரில் மட்டும்தான் குறிப்புகள் திறந்தன. பிரிண்ட் கொடுத்தால் வெள்ளைத் தாள் வந்தது. ஸ்கிரீன்ஷாட் எடுத்தால் கறுப்பாக விழுந்தது. புதுச் செல்போனையோ லைப்ரரி மேடம் வாசலிலேயே வாங்கி வைத்துக்கொண்டார். 'காப்பி எடுக்கக் கூடாது' என்று திரையிலேயே எச்சரிக்கை வேறு.

"கல்நெஞ்சக்கார மனுஷன்" என்று பேராசிரியரைத் திட்டிக்கொண்டே பேனாவை எடுத்தான்.

தினமும் மத்தியானம் மூலைக் கம்ப்யூட்டரில் உட்கார்ந்து, வரி விடாமல், படம் விடாமல் காப்பியடித்தான். புரியாத இடத்தில் முந்தைய பக்கங்களைப் புரட்டித் தொலைக்க வேண்டியிருந்தது. தப்பாக எழுதிவிட்டுப் பரீட்சையில் யார் முழிப்பது? எழுதிய தாள்களைச் சட்டைக்குள் செருகிக்கொண்டு, பூனை மாதிரி வெளியேறுவான்.

கடைசிப் பக்கத்தை முடித்த அன்று லைப்ரரி மேடம் வழியை மறித்தார்.

"என்னப்பா, வரும்போது ஒல்லியா வர்றே, போகும்போது தொப்பையோட போறே?"

சற்று நேரத்தில் மேடத்தோடு பேராசிரியர் முன்னால் நின்றான். மேஜைமேல் திருட்டுத் தாள்கள்.

"திருடினியே, உள்ளே என்ன இருக்குன்னாவது தெரியுமா? ரெண்டாம் விதியைச் சொல்லு."

சொன்னான். அடுத்ததைக் கேட்டார். படம் போட்டே காட்டினான். கேட்கக் கேட்கக் கொட்டினான். அவனுக்கே ஆச்சரியமாக இருந்தது.

பேராசிரியர் தாள்களை அவன் கையிலேயே திணித்தார். "கொண்டு போ. பாஸாகித் தொலை."

"சார்... அப்போ சஸ்பெண்ட்?"

"ஓடுடா!"

தப்பித்தோம் பிழைத்தோம் என்று வாசலைத் தாண்டியவனுக்கு, உள்ளே பேராசிரியரின் குரல் கேட்டது.

"பரீட்சை நெருங்குது மேடம். பாவம் பசங்க, குறிப்புக்குப் போட்ட பூட்டை எடுத்துடலாமா?"

"அவசரப்படாதீங்க சார், இன்னும் நாலு பேர் திருட வேண்டியிருக்கு" என்றார் லைப்ரரி மேடம்.