மூன்று நடைகள்
ஜன்னல் வெயில் திரையில் விழுவதால், தம்பி மடிக்கணினியோடு சேர்த்துத் தன் தலையையும் போர்வையால் மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். விபத்தில் கால் முறிந்த அக்கா கட்டிலில் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருக்கிறாள். "இனிமே நடைப்பயிற்சியும் வேணாம், ஒண்ணும் வேணாம். சாண் ஏறுனா முழம் சறுக்குது" என்று காலையில் சொல்லிவிட்டாள். அவன் வாதாடவில்லை. இலவசமாகக் கிடைத்த ஒரு மென்பொருளை இறக்கி, இந்த மாதங்களில் அவள் நடந்து பழகியபோதெல்லாம் போனில் எடுத்த வீடியோக்களில் மூன்றை ஒரே திரையில் அருகருகே வைக்கிறான். ஒன்று இன்னொன்றின் மேல் ஏறி மறைக்கிறது. மூன்றாவது தலைகீழாக நிற்கிறது. பல்லைக் கடித்துக்கொண்டு மறுபடி தொடங்குகிறான். மூன்றிலும் முதல் அடி ஒன்றாக விழும்வரை அவன் விடுவதாக இல்லை. ஒருவழியாக விழுந்ததும், கணினியைத் தூக்கிப்போய் அவள் முகத்துக்கு நேரே பிடிக்கிறான். இடப்பக்க அக்கா இரண்டு பேர் தோளில் தொங்குகிறாள். நடுவில் இருப்பவள் கைத்தடியோடு தடுமாறுகிறாள். வலப்பக்கத்தில் இருப்பவளோ சுவரை விரல்நுனியால் தொட்டபடி, மற்ற இருவரும் பாதிவழியில் இருக்கும்போதே கதவைத் தாண்டிப் போய்விடுகிறாள். அக்கா திரும்ப ஓட்டச் சொல்லிக் கையைக் காட்டுகிறாள். பிறகு கட்டில் விளிம்பைப் பிடித்து எழுந்து உட்காருகிறாள்.
"இதுல இன்னொண்ணு சேக்க எடம் இருக்கா?"
"இருக்குக்கா."
"அப்ப போனை எடு."