வெண்கலக் கால்

பிரிட்டிஷ் நாடாளுமன்ற முன்கூடத்தில் வெண்கலச் சர்ச்சில் இடுப்பில் கைவைத்து முறைத்துக்கொண்டு நிற்கிறார். உடம்பெல்லாம் கறுத்திருக்க, இடது கால் நுனி மட்டும் பளபளக்கிறது. முதல் பேச்சுக்குப் போகிற உறுப்பினர்கள் ராசிக்காகத் தடவித் தடவி ஏற்றிய மெருகு. போரை வென்றவருக்கு, செத்த பிறகு, பிறர் நாக்குக் குழறாமல் பார்த்துக்கொள்ளும் உத்தியோகம். எதிரே, பேச்சுக் குறிப்பை மறுபடி மறுபடி புரட்டியபடி, இன்று முதன்முதலாகப் பேசப்போகும் நெரிஸ். அவளுடைய வேல்ஸ் சுரங்க ஊரில் சர்ச்சில் பெயரைச் சொன்னால் இன்றும் காறித் துப்புவார்கள்: நூறு வருஷத்துக்கு முன் உள்துறை அமைச்சராக இருந்தபோது, வேலைநிறுத்தம் செய்தவர்கள்மேல் பட்டாளத்தை ஏவியவராம். “தொடக்கூடாதுன்னு உத்தரவும்மா, கால் ஓட்டையாயிடுமாம்,” என்கிறார் வாயில்காவலர் டென்சில். “ஆனா நான் இப்ப அந்தப் பக்கம் பாக்கப்போறேன். சட்டுனு தொட்டுக்குங்க. இவரைத் திட்டறவங்களும் தொட்டுட்டுத்தான் போறாங்க.” அவர் திரும்பி, விளக்கை ரசிக்கிறார். அவள் கை நீள்கிறது. உள்ளே மணி அடிக்கிறது. பளபளப்புக்கு ஓர் அங்குலம் இருக்கையில் விரல்களை மடக்கிக்கொண்டு, நிமிர்ந்து அந்த முகத்தைப் பார்க்கிறாள். “ஹிட்லரை ஒழிச்சீங்க, அதுக்கு நன்றிங்க ஐயா. ஆனா எங்க ஊரு உங்கள இன்னும் மன்னிக்கல. உள்ள போய் அதையும் சேத்துத்தான் பேசப்போறேன்.” டென்சில் சிரிப்பை விழுங்கிக் கதவைத் திறக்கிறார். தன் குரல் கொஞ்சமும் நடுங்கவில்லை என்பது அப்போதுதான் அவளுக்கே தெரிகிறது.