காதை மூடாத ஹெட்போன்

“பாட்டுக் கேக்கும்போது மனைவி கூப்பிட்டா காதுல விழணும். அப்படி ஒரு ஹெட்போன் குடுங்க” என்றார் வாடிக்கையாளர்.

கடைக்காரர் கனமான ஒன்றை எடுத்து வைத்தார். “பிளேனர் மேக்னடிக்னு ஒரு ஒசத்தி ரகம், ஓப்பன் பேக். வெளிப்பக்கம் மூடி கிடையாது, வெறும் வலைதான். வீட்ல உட்கார்ந்து கேக்க இதை அடிச்சுக்க ஆளில்லை. ஆனா வெளிச் சத்தம் அத்தனையும் உள்ளே வரும் சார்.”

“வரட்டும்.”

அவர் மாட்டிக்கொண்டு பாட்டை ஓடவிட்டார். கடைக்காரர் பின்னால் போய் நின்று, குறும்பாக, “என்னங்க…” என்று மெல்லக் கூப்பிட்டார்.

வாடிக்கையாளர் வெடுக்கென்று திரும்பினார். முகம் வெளுத்திருந்தது.

“கேக்குதுல்ல? வீட்டம்மா குடுத்து வெச்சவங்க!” கடைக்காரர் சிரித்தார். “போன வருஷம் நான் குடுத்த மூடின மாடல் என்னாச்சு?”

“வீடே இடிஞ்சாலும் காதுல விழாதுன்னு சொன்னீங்களே, அதுவா? நூத்துக்கு நூறு உண்மை. அவ குளியலறையில வழுக்கி விழுந்து கூப்பிட்டது எதிர்வீடு வரைக்கும் கேட்டிருக்கு. பக்கத்து ரூம்ல இருந்த எனக்குத்தான் கேக்கலை.”

“ஐயையோ! இப்ப எப்படி இருக்காங்க?”

“அவ போய்ச் சேர்ந்து மூணு மாசமாச்சு.” அவர் பெட்டியை வாங்கிக்கொண்டார். “கூப்பிடறதைத்தான் இன்னும் நிறுத்தலை.”