ஐந்து மணி வரை

“அண்ணனைக் கோர்ட்டுல ஏத்திட்டேல்லா? இனி கோர்ட்டு சொன்னபடிதான். ஞாயிறு நாலு மணிக்கு வரணும், அஞ்சுக்குக் கிளம்பிரணும்” என்றான் செல்வின்.

“அம்மாவைப் பார்க்க விட்டிருந்தா நான் ஏன்ணே தூத்துக்குடி கோர்ட்டு வாசல்ல நிக்கேன்?” என்றாள் தங்கை ஹில்டா.

உள்ளே, மகளின் கையைப் பிடித்த அம்மா விடவே இல்லை. ஐந்துக்குப் பதினைந்து நிமிடம் இருக்கும்போது செபமாலையை எடுத்தாள்.

“மூணு பேரும் சேர்ந்து சொல்லி எவ்வளவு நாளாச்சு! நீ தொடங்குலே” என்றாள் மகனிடம்.

அந்த வீட்டில் செபத்தின் நடுவே யாரும் எழுந்திருப்பதில்லை. ஆனால் செபமாலைக்கு, பத்துப் பத்து மணிகளாக, ஐந்து பத்துகள்தான். அது முடிந்ததும் போக வேண்டுமே என்று ஹில்டா கடிகாரத்தைப் பார்த்தாள்.

நான்காவது பத்து முடிந்தபோது மணி ஐந்தைத் தாண்டியிருந்தது. செல்வின் கண்ணை மூடிக்கொண்டு, “இரண்டாவது பத்து” என்று தொடங்கினான்.

“என்னங்க, இது அஞ்சாவதுல்லா?” என்றாள் கூடவே செபம் சொல்லிக்கொண்டிருந்த அவன் மனைவி.

“எண்ணுறது நான். நீ செபத்தைச் சொல்லு.”

ஹில்டா அண்ணனை நிமிர்ந்து பார்த்தாள். மாதா கோவிலில் இருபது வருடமாகச் செபமாலை சொல்லிக் கொடுப்பவன் அவன். இதுவரை எண்ணிக்கையில் ஒரு மணிகூடத் தப்பியதில்லை.