ஏழு பாட்டன்மார்

"மீசையை எடுத்தாச்சு. இனி யாருக்கும் அடையாளம் தெரியாதுல்ல?"

கார்க் கண்ணாடியில் பத்தாவது தடவையாக முகத்தைப் பார்த்துக்கொண்டார் கைர்பெக்.

"தெரியாது பெரியப்பா" என்றான் காரை ஓட்டிய ஜன்டோஸ். அல்மாத்தியிலிருந்து கிளம்பியது முதல் அந்தப் 'பெரியப்பா'வைச் சொல்லிப் பழகிக்கொண்டு வருகிறான். ஷூட்டிங்கில் 'சார்' என்றுதான் கூப்பிடுவான்.

வேடிக்கையைப் பாருங்கள். முப்பது வருஷமாக சினிமாவிலும் சீரியலிலும் துணை நடிகர். திரையில் நாற்பத்து மூன்று தடவை செத்திருக்கிறார், பெரும்பாலும் முதல் கால் மணி நேரத்துக்குள். யாராவது அடையாளம் கண்டு ஒரு போட்டோ கேட்க மாட்டார்களா என்று பஸ்ஸில் முகத்தை நிமிர்த்தி உட்காருகிற மனுஷருக்கு, இன்றைக்கு யாரும் கண்டுபிடிக்கக் கூடாதாம்.

ஜன்டோஸ் லைட்மேன். அநாதை விடுதியில் வளர்ந்தவன். "உன் பக்கத்துப் பெரியவங்க வந்து பொண்ணு கேக்கட்டும்" என்று அவன் காதலிக்கும் மொல்திரின் அம்மா சொன்னதும், பயத்தில் "பெரியப்பா இருக்கார்" என்று உளறிவிட்டான். கூட்டத்தில் நிற்கிறவர்தானே என்று விடாமல் கைர்பெக்கின் முகத்திலும் கொஞ்சம் வெளிச்சம் விழ வைப்பவன் அவன் ஒருத்தன்தான். மாட்டேன் என்று எப்படிச் சொல்வது?

"பொண்ணைப் பெத்தவங்களை ஏமாத்தறோமேடா. உண்மையைச் சொல்லிடலாமா?"

"சொன்னா மொல்திரை மறந்துட வேண்டியதுதான். பெரியவங்க இல்லாத எடத்துல பொண்ணு குடுக்க மாட்டாங்களாம்."

கைர்பெக் பாக்கெட்டிலிருந்து காகிதத்தை எடுத்து மறுபடி உருப்போட்டார். ஜன்டோஸின் ஏழு தலைமுறைப் பெயர்கள். கசாக் வழக்கப்படி, அதற்குள் இரு வீட்டுக்கும் உறவிருந்தால் கல்யாணம் கிடையாது. அந்தப் பெயர்களை அவனுடைய அப்பா சாவதற்கு முன் எழுதி வைத்திருந்தார்.

பெண் வீட்டில் வாசலிலேயே கைர்பெக்கைக் கட்டிக்கொண்டார் மொல்திரின் அப்பா தெமிர்கான், மாட்டு டாக்டர். தடபுடலான விருந்து. ஆனால் டீக் கிண்ணத்தை நீட்டும்போதெல்லாம் அவர் மனைவி ரௌஷானின் கண் கைர்பெக்கின் முகத்தை விட்டு நகரவில்லை.

"அண்ணே, உங்களை எங்கயோ பாத்திருக்கேனே?"

"எனக்கு எல்லாருக்கும் சொந்தக்காரன் மாதிரி ஒரு மூஞ்சிம்மா" என்று சமாளித்தார். முதுகில் வேர்வை வழிந்தது.

"சரி, முறைப்படி பையனோட ஏழு தலைமுறையைச் சொல்லிடுங்க" என்றார் தெமிர்கான்.

கைர்பெக் தொண்டையைச் செருமினார்.

"பையனோட அப்பன் பேரு சாரி, என் தம்பி. எங்கப்பா பைமுராத். அவரோட அப்பா... அவரோட அப்பா..."

அவ்வளவுதான். மூளை துடைத்துவிட்ட மாதிரி ஆகிவிட்டது. ஜன்டோஸ் முகம் வெளுத்துப்போய் உட்கார்ந்திருந்தான்.

அப்போது எங்கிருந்தோ கைர்பெக்குக்குக் குரல் வந்தது. "அவரோட அப்பா தோலெபாய்! அவரோட அப்பா ஷோரா! அவரோட அப்பா..." தங்குதடையின்றி, கணீரென்று, ஏழும் முடிந்தது.

முடித்த பிறகுதான் கைர்பெக்குக்கு உறைத்தது. அது ஒரு சரித்திர சீரியலில், குலத்தலைவராக வந்து கழுத்து வெட்டுப்படுவதற்கு முன் அவர் பேசிய வசனம். முப்பது வருஷத்தில் அவருக்குக் கிடைத்த ஒரே நீளமான வசனம். ஜென்மத்துக்கும் மறக்குமா?

"நல்ல வம்சம்" என்று தெமிர்கான் தலையாட்டினார். ஆட்டு வால் கொழுப்பும் ஈரலும் தட்டில் வந்தன. அதை ஊட்டிவிட்டால் சம்பந்தம் முடிந்த மாதிரி. அப்புறம் யாரும் பின்வாங்க முடியாது. தெமிர்கான் கை நிறைய அள்ளிக் கைர்பெக்கின் வாயில் ஊட்டினார். அது தொண்டைக்குள் இறங்குவதற்குள் கைர்பெக்குக்கு உயிர் போய் வந்தது.

புறப்படும்போது கார் வரைக்கும் கூடவே வந்தார் தெமிர்கான். ஜன்டோஸ் தள்ளி நின்று மொல்திரோடு பேசிக்கொண்டிருந்தான்.

"பாட்டன் பேரெல்லாம் அருமையா சொன்னீங்க சம்பந்தி."

"எல்லாம் பெரியவங்க சொல்லிக்குடுத்தது..."

"கத்தியைக் கழுத்துல வச்சப்பவும் இப்படித்தான் சொன்னீங்க. அன்னைக்கு ரௌஷான் அழுத அழுகை இருக்கே!"

கைர்பெக் தெமிர்கானின் கையைப் பிடித்துக்கொண்டார். "தப்பு பண்ணிட்டேன் ஐயா. பையன் மேல கோவப்படாதீங்க. அவன் தங்கம். நான்தான்..."

"மெதுவா பேசுங்க, ரௌஷான் காதுல விழுந்துடப் போவுது. போன மாசமே அந்த விடுதிக்குப் போய் விசாரிச்சுட்டேன். அவனோட ஏழு பாட்டன் பேரும் அங்க நோட்டுல இருக்கு, எங்க பக்கத்துக்கு உறவுமில்ல. ஆறு வயசுல வந்த பையனைப் பாக்க இருபது வருஷமா ஒருத்தரும் வரலைன்னாங்க."

"அப்ப தெரிஞ்சுமா ஊட்டினீங்க?"

"இவனுக்காக எவனாவது நாலு மணி நேரம் கார்ல வந்து, இப்படி வேர்த்து வழிஞ்சு, என் முன்னால நிப்பானான்னு பாத்தேன். நின்னீங்க. அது போதாதா?"

கைர்பெக்குக்குக் கண்ணீர் வந்தது. அது நடிப்பில்லை.

தெமிர்கான் கார்க் கதவைத் திறந்துவிட்டார்.

"கல்யாணத்துக்கு முந்தின நாளே வந்துடணும். பொறவு குழந்தையைத் தொட்டில்ல போட வரணும், அது நடை பழக வரணும். இந்தக் கதையில உங்களைச் சீக்கிரம் சாக விட மாட்டேன், சம்பந்தி!"