பேய் நின்ற இடம்

"அக்கா, பயப்படச் சொன்னா சிரிக்கிறியே!"

"பின்னே? உன் பேயைப் பாருடா. கடைசி பஸ்ஸைத் தவற விட்டவன் மாதிரி முழிக்குது."

முகமெல்லாம் மாவு அப்பிக்கொண்டு காமிராவுக்குப் பின்னால் நின்ற நண்பன் குச்சி, உண்மையிலேயே அப்படித்தான் விழித்துக்கொண்டிருந்தான்.

தம்பிக்குத் தலையைப் பிய்த்துக்கொள்ளலாம் போலிருந்தது. அவன் எடுத்த முதல் இரண்டு பேய்ப் படங்களுக்கும் குறும்பட விழாவில் விழுந்து விழுந்து சிரித்தார்கள். இந்த முறையும் சிரித்தால், அப்பா பார்த்து வைத்திருக்கும் குடோன் வேலைக்குப் போய்விடுவதாக வாக்குக் கொடுத்திருந்தான். படத்தின் உயிரே இந்த ஒரு ஷாட்தான். அடுப்படியில் நிற்கும் பெண் திரும்புகிறாள், பேயைப் பார்க்கிறாள். பேயைக் காட்டப் போவதில்லை. அவள் முகம் மட்டும்தான்.

நடிகைக்கு எங்கே போவது? அதனால் அக்கா. அக்காவின் சமையலறை.

"சீக்கிரம் முடிடா. அவர் வர்றதுக்குள்ள எல்லாத்தையும் இருந்த இடத்துல வைக்கணும்." தம்பி நகர்த்திவிட்ட டப்பாக்களையே பார்த்துக்கொண்டு சொன்னாள் அக்கா.

"அத்தான் என்ன சொல்லிடப் போறார்? தங்கமான மனுஷன். இவரைக் கட்டிக்கோன்னு உன்கிட்ட முதல்ல சொன்னதே நான்தானே?"

"ஆமா, நீதான்" என்றாள் அக்கா.

விளக்கை அணைத்துப் பார்த்தான். தட்டைத் தரையில் விட்டெறிந்தான். குச்சி உறுமினான். சிரித்துச் சிரித்து அக்காவுக்குப் புரையேறியதுதான் மிச்சம். வியர்வையில் பேயின் மாவு வேறு வழிந்தது.

"கடைசி தடவை. இதுவும் தேறலைன்னா குடோன்தான்." தம்பி குனிந்து லென்ஸைத் துடைத்துவிட்டுக் காமிராவில் கண்ணைப் பதித்தான். "பேய், உன் இடத்துல நில்லு!"

முதுகுக்குப் பின்னால் காலடியோசை வந்து நின்றது.

"ஆக்‌ஷன்! அக்கா, திரும்பு!"

அக்கா திரும்பினாள். உதட்டில் மிச்சமிருந்த சிரிப்பு அப்படியே உதிர்ந்தது. கரண்டி நழுவி விழுந்தது. முதுகு சுவரைத் தேடிப் போய் ஒட்டிக்கொண்டது. கன்னத்தை மறைக்க எழுந்த கை பாதியிலேயே நின்றது.

தம்பிக்குப் புல்லரித்துவிட்டது.

"கட்! அக்கா! இத்தனை நாளா இதை எங்க ஒளிச்சு வெச்சிருந்தே?"

கட் சொன்ன பிறகும் அக்காவின் முகம் மாறவில்லை.

"குச்சி, நீயும் அசத்திட்டேடா!"

"எதைடா?" குளியலறையிலிருந்து குரல் வந்தது. "வழிஞ்ச மாவை நான் இன்னும் திரும்பப் பூசியே முடிக்கலை!"

தம்பி திரும்பினான். பேய் நிற்க வேண்டிய இடத்தில், கையில் ஆபீஸ் பையோடு அத்தான் நின்றிருந்தார்.

"நல்லா நடிக்கிறா, இல்ல மச்சான்?" என்று சிரித்தார்.