இரவல் குலவை

"அந்தக் குலவையை நிறுத்துடா" என்று வர்தியா மேசையில் அறைந்தாள். காபிக் கோப்பை துள்ளிச் சாய்ந்தது.

நதீர் படத்தை நிறுத்தினான். அல்ஜியர்ஸ் விடுதலை பெற்ற நாளின் கூட்டம். நடுவே வாயைத் திறந்து கைதட்டும் ஓர் இளம்பெண். வர்தியாவின் அம்மா. நதீரின் ஆவணப்படம் அந்த முகத்தில்தான் தொடங்குகிறது. தொலைக்காட்சியில் முன்னோட்டம் பார்த்துவிட்டு, வர்தியா நேரே அவன் அலுவலகத்துக்கு வந்திருந்தாள். வெள்ளிக்கிழமை ஒளிபரப்பு.

"நாடே கொண்டாடின நாள், ஹாஜ்ஜா. உங்கம்மா குலவை போட்டதுல என்ன தப்பு?" என்று வயதில் மூத்தவளுக்குரிய மரியாதையோடு கேட்டான் நதீர்.

"அது எங்கம்மா போட்ட குலவையா? எங்கேருந்து எடுத்த?"

நதீர் தலையைச் சொறிந்தான். "பழைய சுருள். சத்தம் பதியல. ஏதோ கல்யாண வீட்டுல பதிஞ்ச குலவை கைவசம் இருந்துச்சு. பொருந்துச்சு, போட்டேன். எல்லாரும் செய்யறதுதான்."

"எவ வீட்டுக் கல்யாணத்தையோ கொண்டாந்து எங்கம்மா வாயில திணிச்சிருக்க. பொம்பளை வாயைத் திறந்தா குலவைதானா? உங்கம்மா கொட்டாவி விட்டாலும் குலவைன்னு போடுவியா?"

பக்கத்து அறையில் யாரோ சிரித்தார்கள். நதீரின் காது சிவந்தது.

"அந்தக் கண்ணைப் பாரு. கொண்டாடுற கண்ணா அது? என் தம்பி மொக்ரான், நாலு வயசு, கூட்டத்துல கையை விட்டுட்டான். அவனைத் தேடுறா. அவன் கிடைக்கவே இல்ல. சாகிற வரைக்கும் அந்தத் தெருவுல போய் நின்னுட்டு வருவா. அதுக்கு நீ மேளம் வேற சேர்த்திருக்க."

"ஆனா, கைதட்டுறாங்களே?"

"எங்களை அப்படித்தான் கூப்பிடுவா."

நதீர் எழுந்து சன்னலோரம் போய் நின்றான். திரும்பியபோது அவன் முகம் மாறியிருந்தது. வெட்கப்படுகிறான் என்றுதான் வர்தியா நினைத்தாள்.

"ஹாஜ்ஜா, இது அதைவிடப் பெரிய காட்சி. குலவையைத் தூக்கிடறேன். நல்ல நடிகையா பார்த்து 'மொக்ரான், மொக்ரான்'னு கதற விடறேன். பார்க்கிறவங்க அத்தனை பேரும் அழுவாங்க. சொல்லுங்க, அம்மாவுக்குக் கனத்த குரலா, கீச்சுக் குரலா?"

அதுவரை கத்திக்கொண்டிருந்தவள், இப்போது பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னாள்.

"எங்கம்மா பிறவி ஊமைடா."